அடிப்பிடித்த சோறும் ஒரு ஸ்பானியனும்

என் மனைவியை ஒரு ஸ்பானியன் கொண்டுபோய்விட்டான் என்று நம்பித்தான் நான் கனடாவுக்கு விமானம் ஏறினேன். இப்போது இதை எழுதும்போது எனக்கே சிரிப்பு வருகிறது. அன்றைக்குச் சிரிப்பு வரவில்லை.

ஆதாரம் பலமாக இருந்தது. ரொறன்ரோவுக்குப் பக்கத்தில் அஜக்ஸில் இருக்கும் என் மகள் சுகந்தி ரெலிபோனில் சொன்னாள்: "அம்மாவை இப்ப பிடிக்கேலாது அப்பா. சனிக்கிழமையெல்லோ, டோலோரஸோடை போயிட்டா." அது ஆர் என்று கேட்டேன். "ஸ்பெயின் ஆள் அப்பா. அம்மாவுக்கு நல்ல பிரெண்ட். கிளாசிலை..." என்றாள். அதோடு லைன் இரைந்து அறுந்துபோனது. மிச்சத்தை நான் இலக்கணத்தால் நிரப்பிக்கொண்டேன். தோமஸ், பிரான்சிஸ், நிக்கலஸ், டோலோரஸ். 'ஸ்' என்று முடிந்தால் ஆண்பிள்ளை. துறைமுகக் கந்தோரில் காலம் முழுக்க கிளாக்காக இருந்தவன் நான். இப்படி ஒரு முடிவுக்கு வந்து அதற்கு நானே ஒப்பமும் வைப்பது எனக்குக் கைவந்த வேலை.

என் மனைவி தவமணி கனடா போனது மகளின் முதல் பிரசவத்துக்கு. ஒரு பேரப்பிள்ளை இரண்டானது. அதற்குள் நாட்டில் திரும்பி வருகிற மாதிரி நிலைமை இல்லாமல் போனது. அவள் அங்கேயே அகதிக் கேஸ் போட்டு, வென்று, வேலையும் எடுத்து, தனி வீடும் பார்த்துக்கொண்டு போய்விட்டாள். நான் கொழும்பில் இருந்து, "பென்சன் கிடைக்கட்டும், வாறன்" என்று சொல்லிக்கொண்டிருந்தேன். பென்சனும் கிடைத்தது. வெள்ளவத்தையில் இருந்த வாடகை அனெக்ஸைத் திருப்பிக் கொடுத்தேன். மின்விசிறியை விற்றேன். கட்டிலை வீட்டுக்காரருக்கே விட்டுவிட்டேன். போய் இறங்க வேண்டியது, தவமணி ஸ்பொன்சர் செய்ய வேண்டியது, மிச்சக் காலத்தை இரண்டு பேரும் ஒன்றாகக் கழிக்க வேண்டியது. இதுதான் திட்டம். தவமணியிடம் கேட்க வேண்டும் என்பது மட்டும் அந்தத் திட்டத்தில் விடுபட்டுப் போயிருந்தது.

ஸ்பானியனைச் சந்திக்கத் தலைக்கு மை பூசிக்கொண்டு புறப்பட்டேன். விமானத்தில் நித்திரையாகி எழும்பியபோது, கொடுத்த வெள்ளைத் தலையணையில் பாதி மை இருந்தது. பணிப்பெண் அதை இரண்டு விரலால் தூக்கிக்கொண்டு போனாள். செத்த காகத்தைத் தூக்குவது மாதிரி.

ரொறன்ரோ விமான நிலையத்துக்கு மருமகன்தான் வந்திருந்தார். "மாமிக்கு ஷிப்ற்" என்றார். சரி, ஷிப்ற் என்றால் ஷிப்ற். அவர் நானூற்றியொன்று என்று நம்பர் பேர் வைத்த ஒரு பெருந்தெருவில் ஏறி, காரை அம்பு மாதிரி விட்டார். ஒருவரும் ஹோர்ன் அடிக்கவில்லை. கொழும்பில் ஹோர்ன் அடிக்காமல் இவ்வளவு வேகமாகப் போவது பிரேத வண்டி மட்டும்தான்.

அஜக்ஸில் வீடுகள் எல்லாம் ஒரே அச்சில் வார்த்தவை. வெளியே போய் ஒரு சுற்று நடந்துவிட்டு வந்து, வேறு யாரோ வீட்டுக் கதவைத் தட்டினேன். திறந்த வெள்ளைக்காரி என்னைப் பார்த்ததும், "உங்கள் ஆட்கள் மூன்றாவது கதவு" என்றாள். நான் ஒன்றும் கேட்கவே இல்லை. சுகந்தி கடையில் வாங்கிய இடியப்பத்தைப் பிளாஸ்ரிக் பெட்டியில் இருந்து எடுத்துச் சொதியோடு தந்தாள். நல்ல இடியப்பம்தான்.

"நான் அம்மாவின்ரை இடத்துக்குப் போகேல்லையோ?" என்று கேட்டேன்.

"அங்கை இடம் காணாது அப்பா. இஞ்சை இருங்கோ" என்றாள் சுகந்தி. சொல்லும்போது என்னைப் பார்க்கவில்லை, சொதிச் சட்டியைப் பார்த்தாள்.

அடுத்த நாள் தவமணி பஸ் ஏறி வந்தாள். தலைமயிரைக் கழுத்தளவுக்கு வெட்டியிருந்தாள். நீளக் காற்சட்டை, ஓட்டப்பந்தயக்காரர் போடும் சப்பாத்து. கையில் ஒரு கேக் பெட்டி. ஊரில் நாங்கள் ஆஸ்பத்திரிக்கு நோயாளி பார்க்கப் போகும்போது இப்படித்தான் ஏதாவது கொண்டுபோவோம். "பிரயாணம் எல்லாம் சுகமோ?" என்று கேட்டாள். நான் சுகம் என்றேன். இத்தனை வருசத்துக்குப் பிறகு எங்கள் முதல் வசனங்கள் அவைதான். வெளியூர் சம்பந்தியோடு பேசியதுபோல் இருந்தது.

அன்று பின்னேரமே அடம்பிடித்து அவளோடு அவள் இருக்கும் மல்வேர்னுக்குப் போனேன். உயரமான அடுக்குமாடி. லிப்ற் முழுக்க யாரோ வீட்டு மீன்குழம்பு மணம். அவளுடைய வீடு ஒற்றை அறை, ஆனால் எனக்கு இடம் காணாது என்று சொல்கிற அளவுக்குச் சின்னதில்லை. நான் கண்களாலே துப்புத் துலக்கினேன். குளியலறையில் ஒரு பிரஷ். வாசலில் ஒரு சோடிச் செருப்பு. ஸ்பானியன் கெட்டிக்காரன், தடயம் விடாமல் வந்து போகிறான் என்று நினைத்தேன். தேத்தண்ணி கேட்டேன். தேயிலை இல்லை. "நான் இப்ப கோப்பிதான் குடிக்கிறனான்" என்று சொல்லிவிட்டு, எதிர்வீட்டில் போய் ஒரு தேயிலைப் பை வாங்கிவந்து தந்தாள்.

"சனிக்கிழமையில எங்கையோ போறனீராம்" என்றேன், யன்னலைப் பார்த்துக்கொண்டு, ஏதோ கிரிக்கெட் ஸ்கோர் கேட்பது மாதிரி.

"ஓம். சமையல் கிளாஸ். ஸ்பானிஷ் சமையல். கையாலை செய்து பழகிறது."

"நானும் வரட்டோ?"

"வாங்கோ. உங்களுக்கும் உதவும்" என்றாள்.

அந்த 'உதவும்' எனக்கு அப்போது உறைக்கவில்லை. மனம் முழுக்க ஸ்பானியனின் மீசையில் இருந்தது.

சனிக்கிழமை அவள் விடியவே போய்விட்டாள். ஆயத்தம் செய்ய வேண்டுமாம். நான் மகள் வீட்டில் இருந்து, கல்யாண வீட்டுக்குப் போடும் கோட்டைப் போட்டு, ரையும் கட்டி, மருமகன் கொண்டுவந்து விட்ட இடத்தில் பஸ் ஏறினேன். முன் இருக்கையில் இரண்டு கிழவிகள். "என் மகன் ஒவ்வொரு ஞாயிறும் வருவான்" என்றாள் ஒருத்தி. "நல்ல பிள்ளை" என்றாள் மற்றவள். "உடுப்புத் தோய்க்கக் கொண்டு வருவான்" என்று முதலாவது கிழவி வசனத்தை முடித்தாள். இரண்டு பேரும் சிரிக்கவில்லை.

இறங்க வேண்டிய இடத்தில் பின்கதவுக்கு முன்னால் போய் மரியாதையாக நின்றேன். கதவு திறக்கவில்லை. கொண்டக்டரைத் தேடினேன், அப்படி ஒருவர் இல்லை. பின்னால் இருந்த கிழவர் ஒருவர், "கீழே இறங்கு" என்றார். நான் திரும்பி, "கதவு திறந்தால் இறங்குவேன்" என்றேன். இன்னும் இரண்டு பேர், "கீழே இறங்கு!" என்றார்கள். பிறகு பஸ் முழுக்க ஒரே குரலில், "கீழே இறங்கு! கீழே இறங்கு!" ஒரு பஸ் நிறைய ஆட்கள் சேர்ந்து நம்மைப் பார்த்து ஒன்றைச் சொன்னால் நல்லதற்குச் சொல்லமாட்டார்கள் என்பது எங்கள் நாட்டு அனுபவம். அடையாள அட்டைக்கு என் கை தானாகவே சட்டைப்பைக்குள் போனது. கடைசியில் ஒரு கறுப்பினப் பெண் எழும்பி வந்து, என் தோளைப் பிடித்து ஒரு படி கீழே இறக்கிவிட்டாள். கதவு படார் என்று திறந்தது. படியில் கால் வைத்தால் திறக்கும் கதவு அது. அவ்வளவுதான் விஷயம்.

வகுப்பு ஒரு தேவாலயத்தின் நிலக்கீழ் மண்டபத்தில். உள்ளே வரிசையாகக் காஸ் அடுப்புகள், அவற்றின் மேல் தாம்பாளம் மாதிரி தட்டையான பெரிய சட்டிகள். ஏப்ரன் கட்டிக்கொண்டு எட்டுப் பத்து ஆண்கள். பெண் ஒருத்தியும் இல்லை. நான் ரையைச் சரிசெய்து, குரலைத் தடிப்பாக்கி, "மிஸ்டர் டோலோரஸ் எங்கே?" என்று கேட்டேன்.

ஒரு மேசைக்குப் பின்னாலிருந்து, என் நெஞ்சுயரம்கூட இல்லாத கிழவி ஒருத்தி எட்டிப் பார்த்தாள். "மிஸ்டர் செத்துப்போய் நெடுங்காலம். மிஸிஸ் போதுமா?" என்றாள்.

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். ஒரே நிமிடத்தில் பத்து வயது குறைந்துவிட்டது எனக்கு. டோலோரஸ் ஒரு கிழவி! தவமணி வெள்ளைக் கோட்டுப் போட்டுக்கொண்டு உள்ளறையிலிருந்து அரிசிச் சாக்கோடு வந்தாள். அவள் இங்கே மாணவி இல்லை, கிழவிக்கு வலதுகை. கிழமை நாட்களில் இருவரும் ஒரே சமையற்கூடத்தில் வேலையாம், சனிக்கிழமையில் இது. தவமணி ஒரு துண்டு ஒட்டுத்தாளில் பேனாவால் என் பெயரை எழுதி, என் கோட்டின் நெஞ்சில் ஒட்டிவிட்டாள். எனக்குக் கண் கலங்கிவிட்டது.

ஏன் என்று சொல்ல வேண்டும். கல்யாணமான நாளிலிருந்து தவமணி என் பெயரை வாயால் சொன்னதில்லை. 'இஞ்சாருங்கோ'தான். புருசன் பெயரைச் சொன்னால் அவனுடைய ஆயுள் குறையும் என்று அவளுக்குப் பயம். நல்லூர்த் தேர்த் திருவிழாவில் ஊரே 'சண்முகா' என்று கத்தும்போது இவள் மட்டும் 'வேலவா' என்று கத்துவாள். ஒருமுறை கச்சேரிக் கந்தோரில் கிளாக்கர் புருசன் பெயரைக் கேட்டபோது, "முருகன்ரை பேர்தான், கந்தசாமி இல்லை, மற்றது" என்று விடுகதை போட்டாள். அந்த மனிசன் 'வேலாயுதம்' என்று எழுதிவிட்டான். வேலாயுதத்தைச் சண்முகமாக்க நான் மூன்று தரம் படியேற வேண்டியிருந்தது. அப்படிப்பட்டவள் தன் கையாலேயே எழுதி என் நெஞ்சில் ஒட்டுகிறாள் என்றால்! பூமாலை போட்டதுபோல் நின்றேன். எல்லாருடைய நெஞ்சிலும் அதே ஒட்டுத்தாள் இருந்ததை நான் கணக்கில் எடுக்கவில்லை.

இரண்டு பேருக்கு ஒரு அடுப்பு. என் கூட்டாளி பிராங்க் என்ற பூட்டுத் திருத்துகிறவர். தடித்த கை, மென்மையான குரல். கோழியைப் பொரித்தோம். பயற்றங்காய் மாதிரி ஒன்றை முறித்துப் போட்டோம். தக்காளியைத் தேங்காய் திருவுவதுபோல் திருவினோம். நான் திருவியதில் தக்காளி பாதி, விரல் பாதி.

"உனக்கு எப்போது நடந்தது?" என்று கேட்டார் பிராங்க்.

"எது?"

"மனைவி போனது. எனக்குப் போன மாரியில். அந்த மூலையில் நிற்கிறவருக்கு மனைவி செத்துவிட்டாள். இது தனியாகச் சமைத்துச் சாப்பிட வேண்டிய ஆண்களுக்கான வகுப்புத்தானே."

நான் சத்தமாகச் சிரித்தேன். "என் மனைவி போகவில்லை. அதோ நிற்கிறாள், வெள்ளைக் கோட்டு" என்று காட்டினேன்.

பிராங்க் தவமணியைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். பிறகு, இருந்த வேலைகளில் சுலபமானதை, உப்புப் போடுவதை, என்னிடம் தந்தார்.

டோலோரஸ் நடுவில் நின்று கட்டளை போட்டாள். அரிசியைக் கழுவாதே. தண்ணீர் கொதித்தபின் பரவலாகப் போடு. பிறகு தொடாதே. கரண்டியைக் கீழே வை. கடைசியில் நெருப்பைக் கூட்டு, அடியில் பிடிக்க விடு. சட்டி பேசும், கேள். அடியில் கருகி ஒட்டுகிறதே, அதற்குத்தான் எங்கள் ஊரில் வீட்டுக்குள்ளே சண்டை என்றாள்.

எனக்குச் சமையல் தெரியாது. ஆனால் குசினியில் எனக்கென்று ஒரு உத்தியோகம் இருந்தது. முன்விறாந்தையில் பேப்பர் படித்துக்கொண்டு, மணம் வந்தால், "சோறு அடிப்பிடிக்குது!" என்று கத்துவது. அந்த வேலையை நான் ஒரு நாளும் தவறவிட்டதில்லை. இப்போது சட்டி கரகரவென்று பேசத் தொடங்கியது. மணம் வந்தது. டோலோரஸ் சொன்னதெல்லாம் என் தலையில் ஏறியிருந்தது, ஆனால் கைக்கு இறங்கவில்லை. "அடிப்பிடிக்குது!" என்று தமிழில் கத்திக்கொண்டே கரண்டியை எடுத்து அடிவரைக்கும் குத்தி ஒரு கிண்டுக் கிண்டினேன்.

"சண்முகம்! கிண்டாதேங்கோ!"

மண்டபத்தின் மற்ற முனையிலிருந்து தவமணியின் குரல்.

நான் கரண்டியோடு உறைந்து நின்றேன். ஆயுளைப் பற்றிய பயம் இல்லை. சத்தியமாக முதலில் நாடித் துடிப்பைத்தான் தொட்டுப் பார்த்தேன், ஆனால் அது பயம் இல்லை. அவள் கோபத்தில் சொல்லவில்லை. வாய் தவறிச் சொல்லவுமில்லை. சற்று முன்பு பக்கத்து அடுப்புக்காரரிடம் "ஜோர்ஜ், நெருப்பைக் குறை" என்றாளே, அதே குரல். அதிலும் பெயருக்குப் பின்னால் மரியாதையாக ஒரு 'தேங்கோ'. எதிர்வீட்டுக்காரரைக் கூப்பிட்டால் இப்படித்தான் கூப்பிடுவாள். கூப்பிட்டுவிட்டுத் தான் என்ன சொன்னோம் என்றுகூடக் கவனிக்காமல் அடுத்த அடுப்புக்குப் போய்விட்டாள்.

எங்கள் சட்டியில் இருந்தது கஞ்சி. பிராங்க் குறை சொல்லாமல் தின்றார். அங்கே சாப்பாட்டுக் கோப்பை கிடையாது. எல்லோரும் ஒரே சட்டியைச் சுற்றி நின்று, அவரவர் பக்கத்தில் கரண்டி போட்டுச் சாப்பிட வேண்டும். அடுத்தவன் பக்கம் தாண்டக்கூடாது. எச்சில் கரண்டி திரும்பத் திரும்பச் சட்டிக்குள் போவதை நான் அருவருப்போடு பார்த்தேன். தவமணியும் கிழவியும் ஒரு சட்டியில் சாப்பிட்டார்கள். அவர்களுக்குள் எல்லை இல்லை. ஒருத்தி கரண்டி மற்றவள் பக்கம் போய், கருகியதைச் சுரண்டி எடுத்தது. சிரித்தார்கள். பிறகு தவமணி ஒரு துண்டைக் கரண்டியில் எடுத்துவந்து என் பக்கத்தில் வைத்தாள். "சாப்பிட்டுப் பாருங்கோ. இதைத்தான் நீங்கள் கெடுத்தனீங்கள்."

நன்றாகத்தான் இருந்தது.

திரும்பும்போது இருவரும் பஸ்ஸுக்குக் காத்து நின்றோம். நல்ல வெயில், ஆனால் சூடில்லாத வெயில். கோட்டில் இருந்த ஒட்டுத்தாளை உரித்துக்கொண்டே கேட்டேன்.

"என்ரை பேர் உமக்கு வாயிலை வந்திட்டுது."

"சொன்னனானோ?" என்றாள். உண்மையாகவே யோசித்தாள். "ஓம், சொன்னனான்தான். பழகீற்றுது."

"எப்ப தொட்டு?"

"கேஸ் விசாரிக்கேக்கை. புருசன்ரை பேர் என்ன, புருசன்ரை பேர் என்னவெண்டு அந்த மனிசன் திருப்பித் திருப்பிக் கேட்டவன். சொல்லாட்டில் கேஸ் போயிடுமெண்டு லோயர் சொன்னவர். முதல்தரம் சொல்லேக்கை அழுதனான். பிறகு பேங்கிலை கேட்டாங்கள். டொக்டரிட்டைக் கேட்டாங்கள். பிறகு அழுகை வரேல்லை."

"வேறை என்ன கேட்டவன்?"

"உங்கடை புருசன் ஏன் வரேல்லை எண்டு."

"நீர் என்ன சொன்னனீர்?"

"வருவார் எண்டு சொன்னனான்."

பஸ் ஒன்று வந்தது. அது எங்களுடையது இல்லை.

"வந்திட்டன்தானே" என்றேன். எப்போதும்போல் ஒரு பகிடி விட்டுப் பார்த்தேன். "உவன் பென்சன்காரன் கொஞ்சம் மெதுவாத்தான் வருவான்."

அவள் சிரித்தாள். என் பகிடிக்கு எப்போதும் சிரிப்பாள். "உங்களிலை ஒரு பிழையுமில்லை. எனக்குக் கோபமும் இல்லை. ஆனா உங்களை என்னோடை வந்து இருக்கச் சொல்லி நான் கேக்க மாட்டன். ஸ்பொன்சரும் செய்ய மாட்டன். வேலையாலை வந்து கதவைத் திறந்தால் உள்ளுக்கை ஒருத்தரும் இல்லை. அது எனக்குப் பிடிச்சிருக்கு."

என் வாயில் வந்தது வெட்கங்கெட்ட ஒரு கேள்வி. "ஆரும் இருக்கினமோ?"

தவமணி என்னை நேராகப் பார்த்தாள். நான் கனடா வந்த பிறகு முதல்தரம். "இருந்தால் உங்களுக்கு ஆறுதலாயெல்லோ இருந்திருக்கும்" என்றாள்.

அது உண்மை. ஒரு ஸ்பானியன் இருந்திருந்தால் அவனைத் திட்டியிருக்கலாம், சட்டையைப் பிடித்திருக்கலாம், நாலு பேரிடம் சொல்லி அழுதிருக்கலாம். தான் மட்டும் தனியாக இருக்க ஆசைப்படுகிற ஒரு பெண்ணோடு எந்த ஆண்பிள்ளை போட்டி போடுவது?

அன்று பின்னேரம் சுகந்தி கதவைத் திறந்ததும், "அம்மா சொன்னவவோ?" என்று கேட்டாள். அவளுக்கு எல்லாம் தெரிந்திருந்தது. மருமகனுக்கும் தெரிந்திருந்தது. "நீங்கள் எங்களோடை இருங்கோ அப்பா, நான் ஸ்பொன்சர் செய்யிறன்" என்றாள். மகளின் வீட்டு நிலக்கீழ் அறையில், எந்தக் கதவு என்று ஒவ்வொரு நாளும் தேடிக்கொண்டு இருப்பதை நினைத்துப் பார்த்தேன். வேண்டாம் என்றேன். ஒரு கிழமை பேரப்பிள்ளைகளோடு விளையாடினேன். அவர்களுக்கு என் பகிடி விளங்கவில்லை. நான் விழுந்தால் மட்டும் சிரித்தார்கள். ஆகவே அடிக்கடி விழுந்தேன்.

பிறகு கொழும்புக்குத் திரும்பிவந்தேன். விமான நிலையத்துக்கு மருமகன்தான் கொண்டுவந்து விட்டார். தவமணிக்கு அன்று லீவு. அவள் வரவில்லை.